அங்கே ஒருவரும் இல்லை

என் இடது காலில் கடைசி இரண்டு விரல்களுக்கும் நுனி இல்லை. செருப்புப் போட்டால் தெரியும். கொக்குவில் சந்தியில் பஸ்ஸுக்கு நிற்கும்போது பக்கத்தில் நிற்கிற யாராவது ஓர் அம்மா குனிந்து பார்த்துவிட்டு, சீனி வருத்தமோ பிள்ளை என்று கேட்பார். யாழ்ப்பாணத்தில் கால்விரல் போவதற்குச் சனங்களுக்குத் தெரிந்த காரணங்கள் இரண்டுதான். ஒன்று சீனி என்கிற நீரிழிவு, மற்றது கண்ணிவெடி. நான் ஓம் என்று சொல்லிவிடுவேன். குளிரில் போனது என்றால் அந்த வெயிலில் நின்று முழுக்கதையும் சொல்ல வேண்டி வரும். அதை ஒருமுறை எழுதி வைத்துவிடலாம் என்று நினைக்கிறேன்.

கலியாணம் முடிந்து கனடாவுக்குப் போகும்போது எனக்கு முப்பத்தொரு வயது. அதுவரை மானிப்பாயில் ஒரு ரியூசன் கொட்டிலில் பத்தாம் வகுப்புப் பிள்ளைகளுக்குக் கணக்குப் படிப்பித்துக்கொண்டிருந்தேன். என் கணவர் அங்கே பத்துப் பன்னிரண்டு வருடமாக இருந்தவர். அதிகம் கதைக்காத மனிதர். ரொறன்ரோவில் கடைகளிலும் தொழிற்சாலைகளிலும் வேலை செய்து அலுத்துப்போய், வடக்கே வெகுதூரத்தில், ஏரிக்கரையில் இருக்கும் ஒரு விடுதிக்குக் காவலாளாகப் போயிருந்தார். கோடையில் மீன்பிடிக்க வருகிறவர்கள் தங்குகிற இடம் அது. குளிர்காலத்தில் பூட்டிவிடுவார்கள். கூரையில் சேரும் பனியைத் தள்ளவும், தண்ணீர்க் குழாய்கள் உறையாமல் பார்க்கவும் ஒரு ஆள் மட்டும் இருக்க வேண்டும். அந்த ஆள் இவர்.

ஒரு ஆள் என்பதில்தான் எல்லாம் இருந்தது. விடுதிக்காரர் வேறொரு நாட்டில் இருந்தார். வேலைக்கு எடுக்கும்போதே, ஒருவர் மட்டும்தான் தங்கலாம் என்று சொல்லியிருந்தாராம். நான் வந்ததை இவர் அவரிடம் சொல்லவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் அவர் தொலைபேசியில் கூப்பிடுவார்.

"இஞ்சரும், அவர் எடுக்கேக்கை நீர் கதைக்காதையும்" என்றார் இவர், நான் போன முதல் கிழமையே. "இருமிறதெண்டாலும் குசினிக்குள்ளை போய் இரும்."

எனக்கு அது அப்போது சிரிப்பாக இருந்தது. தொலைபேசி மணி அடித்ததும் வாயில் சேலைத் தலைப்பை வைத்துப் பொத்திக்கொண்டு குசினிக்குள் போய் நிற்பேன். இவர் கதைத்து முடித்துவிட்டுக் கதவைத் தட்டுவார். நாங்கள் புதிதாகக் கலியாணம் செய்தவர்கள். அப்படி ஒளித்து விளையாடுவதும் பிடித்துத்தான் இருந்தது.

விடுதியிலிருந்து பெரிய வீதிக்கு ஆறு மைல் இருக்கும். கொக்குவிலில் இருந்து மானிப்பாய் தாண்டிச் சங்கானைக்குப் போகிற தூரம். அந்த ஆறு மைலுக்குள் ஒரு வீடு கிடையாது. காடும் மின்கம்பங்களும் மட்டும்தான். பெரிய வீதியில் ஏறி இன்னும் ஒரு மணி நேரம் ஓடினால் ஒரு சின்னப் பட்டணம். கைத்தொலைபேசிக்கு அங்கே போனால்தான் சிக்னல். விடுதியில் ஒரு வீட்டுத் தொலைபேசியும், கூரையில் பொருத்திய தட்டில் இருந்து வருகிற இன்டர்நெற்றும் இருந்தன. அதில்தான் அம்மாவுடன் கதைப்பேன். அம்மா ஒவ்வொரு முறையும் வெளியே போய் நின்று காட்டச் சொல்லுவா. நான் பனிக்குள் நின்று காட்டுவேன். "சீனியைக் கொட்டினமாதிரி இருக்கு" என்பா.

தை மாதக் கடைசியில் ஒருநாள் காலை இவர் சாமான் வாங்கப் பட்டணத்துக்குப் போனார். பின்னேரத்துக்குள் வந்துவிடுவதாகச் சொன்னார். வானம் வெள்ளையாக, தாழ்ந்து வந்து மரங்களின் தலையில் இருந்தது. மத்தியானத்தில் மழை பெய்யத் தொடங்கியது. மழையைக் கண்டதும் எனக்குச் சந்தோசமாக இருந்தது. ஊர் மழையைப் பார்க்கிறதுபோல யன்னலடியில் போய் நின்றேன். ஆனால் விழுந்த மழை விழுந்த இடத்திலேயே உறைந்தது. ஒவ்வொரு சுள்ளியிலும் கண்ணாடி ஏறியது. கொஞ்ச நேரத்தில் மரங்கள் முறியத் தொடங்கின. துவக்கால் சுடுகிற மாதிரி ஒரு வெடி, பிறகு கிளை சரிகிற சத்தம். பிறகு இன்னொன்று. விளக்கு ஒருமுறை மங்கி எழும்பி, அப்படியே நின்றுவிட்டது.

தொலைபேசியை எடுத்துக் காதில் வைத்தேன். ஒன்றும் கேட்கவில்லை. வீட்டைச் சூடாக்குகிற இயந்திரம் மின்சாரத்தில் ஓடுவது. அது நின்ற பிறகுதான், இவ்வளவு நாளும் அந்தச் சத்தம் இருந்தது என்பதே எனக்குத் தெரிந்தது.

பின்னேரமானது. இருட்டியது. இவர் வரவில்லை.

முதல் இரவு, மழைக்குப் பயந்து பட்டணத்திலேயே நின்றுவிட்டார் என்று நினைத்தேன். அடுத்தநாள் மழை போய்ப் பனி கொட்டத் தொடங்கியது. வாசலுக்கு முன்னால் இருந்த விறகுக் கொட்டில்கூடத் தெரியவில்லை. எங்கள் அறையில் மூச்சு புகையாக வந்தது. பெரிய மண்டபத்தில் விறகு எரிக்கிற இரும்பு அடுப்பு ஒன்று இருந்தது. மெத்தையை இழுத்துக்கொண்டு போய் அதன் முன்னால் போட்டேன்.

அந்த மண்டபத்துக்குள் பகலிலேயே தனியப் போக எனக்கு விருப்பமில்லை. சுவர் முழுக்க வேட்டையாடிய மிருகங்களின் தலைகள். கொம்பு வைத்தவை, வாயைத் திறந்த கரடி ஒன்று, நடுவில் எல்லாவற்றையும்விடப் பெரிய, தொங்கின மூக்கும் பலகை மாதிரிக் கொம்பும் உள்ள ஒன்று. கண்ணாடிக் கண்கள். அடுப்பு எரிந்தால் அந்தக் கண்களுக்குள்ளும் நெருப்பு எரியும். கதிரையில் ஏறி நின்று ஒவ்வொரு தலைக்கும் தலையணை உறையும் துவாயும் போட்டு மூடினேன். மூடிய பிறகு இன்னும் பயமாக இருந்தது. இருந்தாலும் எடுக்கவில்லை.

விறகு எடுக்க வெளியே போக வேண்டும். கொட்டில் கூப்பிடு தூரத்தில்தான். ஆனால் அந்தப் பனிக்குள் கையை நீட்டினால் கை தெரியாது. போய்த் திரும்பி வர வழி தெரியாமல் போய்விட்டால் வாசலடியிலேயே செத்துப்போகலாம். ஊரிலிருந்து கொண்டுபோன சேலைகளை ஒன்றோடொன்று முடிந்து, ஒரு தலைப்பைக் கதவுப் பிடியில் கட்டி, மற்றதை என் இடுப்பில் கட்டிக்கொண்டு போனேன். இரண்டு கையாலும் கொள்ளக்கூடிய விறகைக் கட்டிக்கொண்டு சேலை போன வழியே வந்தேன். இப்படிப் பல தடவை. ஒவ்வொரு தடவையும் முடிச்சு அவிழ்ந்துவிடும் என்று பயந்தேன்.

தண்ணீருக்குப் பனியை உருக்கினேன். ஒரு பானை பனி உருகினால் அடியில் ஒரு கோப்பைத் தண்ணீர் நிற்கும். அதில் கொஞ்சம் அரிசியும் பருப்பும் போட்டுக் கஞ்சி வைத்தேன். உப்புப் போட மறந்துபோய்க் குடித்துவிட்டுப் பிறகு ஞாபகம் வந்தது.

பனி நின்றதும் வானம் வெளித்தது. அப்போதுதான் உண்மையான குளிர் வந்தது. யன்னலுக்கு வெளியே தொங்கிய வெப்பமானியில் சிவப்புக் கோடு அடிக்குள் போய் ஒடுங்கிவிட்டது. ஏரி சத்தம் போடத் தொடங்கியது. உறைந்த ஏரி குளிர் கூடினால் வெடிக்கும் என்று இவர் சொல்லியிருந்தார், நான் கேட்டதில்லை. முதல் சத்தம் தூரத்தில் எழும்பி, அடிவயிற்றுக்குள்ளால் போய், மற்றக் கரையில் முடிந்தது. நான் யோசிக்கவில்லை. உடம்பு தானாக நிலத்தில் விழுந்து, காதைப் பொத்தி, வாயைத் திறந்துகொண்டு படுத்தது. சின்னப் பிள்ளையாக இருந்தபோது, கொடிகாமத்தில் மாமி வீட்டில் இருந்த நாட்களில், செல் குண்டு வந்தால் அப்படித்தான் படுக்க வேண்டும் என்று பழக்கியிருந்தார்கள். அடுத்தது விழும் என்று காத்துக்கிடந்தேன். அடுத்ததும் வந்தது. ஏரிதான் என்று தெரிந்த பிறகும் எழும்ப முடியவில்லை.

அப்படிக் கிடக்கும்போதுதான் அந்த நினைப்பு வந்தது. இவர் உயிரோடு இருந்தால் எப்படியும் வந்திருப்பார், அல்லது ஆளை அனுப்பியிருப்பார். இவருக்கு ஏதாவது நடந்திருந்தால் யார் வருவார்கள்? இந்த விடுதியில் ஒரு ஆள்தான் என்று எல்லாருக்கும் தெரியும். அந்த ஆள் வெளியே போய்விட்டார். பூட்டிக் கிடக்கிற, ஒருவரும் இல்லாத இடத்துக்கு வழி வெட்டிக்கொண்டு யார் வரப்போகிறார்கள்? ரொறன்ரோவில் இவருடைய அண்ணை இருந்தார். ஆனால் எங்களுக்குக் கிழமைக் கணக்கில் இன்டர்நெற் இல்லாமல் போவது அவருக்குப் பழக்கம். அம்மா தவிப்பா, ஆனால் கொக்குவிலில் இருந்து அவ யாரை அனுப்புவா? நான் இங்கே இருக்கிறேன் என்று இந்தக் காட்டுக்குள் தெரிந்தது எனக்கு மட்டும்தான்.

குளிருக்கும் மிருகத்துக்கும் பயந்த பயம் வேறு. இது வேறு மாதிரியானது. கையை எடுத்துப் பார்த்தேன். என் கைதான். என் பெயரைச் சத்தமாகச் சொல்லிப் பார்த்தேன். மண்டபத்தில் அது எதிரொலிக்கவும் இல்லை.

கதைக்காமல் இருந்தால் மூளை பிசகிவிடும் என்று பட்டது. மண்டபத்தில் விருந்தாளிகளுக்குப் போட்ட கதிரைகள் நிறைய இருந்தன. அவற்றை வரிசையாக வைத்து முன்னால் நின்று, இருபடிச் சமன்பாடு படிப்பித்தேன். கரியால் அடுப்பின் கீழ் பதித்த கல்லில் எழுதினேன். கடைசி வரிசையில் கதைக்கிறது ஆர் என்று அதட்டினேன். சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. அன்றைக்கோ அடுத்த நாளோ பனிப் பாரத்தில் விறகுக் கொட்டிலின் கூரை இடிந்து உள்ளே விழுந்தது. மண்வெட்டியால் முட்டிப் பார்த்தேன். உறைந்த பனி சீமெந்து மாதிரி இருந்தது. கோடரி உள்ளுக்குள் அகப்பட்டுவிட்டது. அதற்குப் பிறகு கதிரைகளைத்தான் எரித்தேன். கடைசி வரிசையில் இருந்து தொடங்கினேன். நிலத்தில் அடித்து உடைப்பேன். காலொன்று கழன்று வர எனக்கு மூச்சு வாங்கிவிடும். வார்னிஷ் எரிகிற மணத்தில் தலை இடிக்கும். புகைபோக்கி சிவந்து கூரை பற்றிவிடுமோ என்று அதையும் பார்த்துக்கொண்டே இருப்பேன்.

எத்தனை நாள் அங்கே தனிய இருந்தாய் என்று எல்லாரும் கேட்பார்கள். ஒரு கிழமைக்குக் கிட்ட என்று பிறகு மற்றவர்கள் கணக்குப் பார்த்துச் சொன்னார்கள். எனக்குக் கணக்குத் தவறிவிட்டது.

ஒருநாள் காலை எழும்பியபோது அடுப்பு அணைந்திருந்தது. அயர்ந்து படுத்துவிட்டேன். தலைமாட்டில் வைத்திருந்த பானைத் தண்ணீர் கல்லாக இருந்தது. நெருப்புப்பெட்டியை எடுத்துக் குச்சியைப் பிடித்தேன். பிடிக்கிறேனா இல்லையா என்று விரலுக்குத் தெரியவில்லை. குச்சி விழுந்தது. எடுத்தேன். விழுந்தது. கடைசியில் இரண்டு உள்ளங்கைகளுக்கும் நடுவில் வைத்து, பெட்டியைப் பல்லால் கடித்துக்கொண்டு உரசினேன். பற்றியது. அந்த நெருப்பின் முன்னால் இருந்து, நாளைக்கு இதுகூட முடியாது என்று விளங்கிக்கொண்டேன். கால் நடக்கிற இன்றைக்கே போக வேண்டும்.

உடுப்புப் போடவே காலையில் பாதி போயிற்று. கலியாணக் கூறையைப் பிரித்து மார்பிலிருந்து துடைவரை இறுக்கிச் சுற்றினேன். பட்டு சூடு என்று அம்மா சொல்வது ஞாபகம் இருந்தது. அதன் மேல் இவருடைய சட்டைகள், அதன் மேல் என் கோட்டு. காலில் இரண்டு சோடி மேசும் அதன் மேல் பொலித்தீன் பையும் போட்டுச் சப்பாத்துக்குள் விட்டேன். சுவரில் அழகுக்கு மாட்டியிருந்த, பனியில் நடக்கிற பழைய வலைச் சப்பாத்துகளைக் கழற்றி எடுத்தேன். அம்மா பொதியில் அனுப்பிய பொரிவிளாங்காய் நாலைந்து மீதி இருந்தன. சட்டைப்பையில் போட்டேன். கரித்துண்டை எடுத்து வாசல் கதவில் ஆங்கிலத்தில் பெரிதாக எழுதினேன்: இங்கே ஒரு பெண் இருந்தாள், வீதிக்குப் போகிறாள். எழுத்து கோணலாக வந்தது.

வெளியே ஒரு சத்தமும் இல்லை. மூக்குக்குள் மயிர் உறைந்து குத்தியது. வலைச் சப்பாத்தில் நடக்கப் பழக்கமில்லை. காலை அகட்டி வைக்காவிட்டால் ஒன்றை ஒன்று மிதித்து விழுவேன். விழுந்தால் எழும்புவதற்குள் வியர்க்கும். வியர்த்தால் அது உறையும். வழி எங்கே என்று தெரியாது. மின்கம்பங்களைப் பிடித்துக்கொண்டு போனேன். அடுத்த கம்பம் வரைக்கும், அதற்குப் பிறகு அதற்கு அடுத்த கம்பம் வரைக்கும். பொரிவிளாங்காயைக் கடிக்க முடியவில்லை. கொடுப்புக்குள் அதக்கிக்கொண்டே நடந்தேன். கொஞ்சம் கொஞ்சமாகச் சர்க்கரை இனித்தது.

ஒரு வளைவில் திரும்பியதும் அது நின்றது. வழியின் நடுவில், எருமையைவிட உயரமாக, மெலிந்த நீளக் கால்களில். தொங்கின மூக்கு. முதலில் எனக்கு விளங்கவில்லை. பிறகு, நான் துணி போட்டு மூடிவைத்த அந்தப் பெரிய தலைதான் உடம்போடு வந்து நிற்கிறது என்று தெரிந்தது. இந்த மிருகத்துக்குக் கொம்பு விழுந்து முளைக்குமாம். இதற்குக் கொம்பு இல்லை. ஆனால் முகம் அதுதான். மூக்கிலிருந்து புகை விட்டுக்கொண்டு என்னையே பார்த்தது. காதைப் பின்னால் மடித்தது. ஊரில் மாடு முட்ட வருமுன் செய்வது அதுதான்.

ஓட முடியாது. நின்றேன். அது அசையவில்லை. நின்றால் கால் விறைக்கத் தொடங்கியது. சூரியன் மரத்துக்குப் பின்னால் இறங்கிக்கொண்டிருந்தது. பகல் போகிறது, இது வழி விடாது என்று அழுகை வந்தது. கண்ணீர் கன்னத்திலேயே உறைந்தது. கடைசியில் அதற்கு முதுகைக் காட்டாமல் பக்கவாட்டில் காட்டுக்குள் இறங்கினேன். இரண்டடி வைத்திருப்பேன், ஒரு மரத்தடியில் பனி உள்வாங்கி இடுப்புவரை புதைந்துபோனேன். அடியில் எங்கோ ஓடைத் தண்ணீர் இருந்திருக்கிறது. இடது சப்பாத்துக்குள் தண்ணீர் போனது தெரிந்தது. கிளையைப் பிடித்து இழுத்து இழுத்து ஏறினேன். வலைச் சப்பாத்தில் ஒன்றின் வார் அறுந்துவிட்டது. திரும்பிப் பார்த்தபோது மிருகம் அதே இடத்தில் நின்று ஏதோ கிளையைத் தின்றுகொண்டிருந்தது. என்னை அது மறந்தே போயிருந்தது.

இடது கால் முதலில் நொந்தது. பிறகு நோகவில்லை. நோகாததுதான் கூடாது என்று தெரிந்தும், நோகவில்லையே என்று ஆறுதலாக இருந்தது. ஒரு காலில் வலைச் சப்பாத்தும் மற்றக் கால் புதைந்து புதைந்தும் மிச்ச வழி போனேன். அந்த வழியைப் பற்றி எனக்கு அதிகம் ஞாபகமில்லை. வாய்க்குள் பதின்மூன்றாம் வாய்ப்பாட்டைச் சொல்லிக்கொண்டு போனதும், ஒரே இடத்தில் பிழை விட்டு மறுபடி தொடங்கியதும் ஞாபகம் இருக்கிறது.

பெரிய வீதிக்கு ஏறுகிற இடத்தில், பக்கத்துப் பள்ளத்துக்குள், எங்கள் கார் கிடந்தது. பனி மூடி, ஒரு பக்கக் கண்ணாடி மட்டும் வெளியே தெரிந்தது.

எவ்வளவு நேரம் அதைப் பார்த்துக்கொண்டு நின்றேன் என்று தெரியாது. உள்ளே பார்க்க வேண்டும். பார்க்கப் பயமாக இருந்தது. கதவடிப் பனியைத் தோண்டி விலக்கி, கதவை இரண்டு கையாலும் இழுத்துத் திறந்தேன். ஒருவரும் இல்லை. முன் கண்ணாடி நொறுங்கியிருந்தது. ஸ்ரேறிங்கில் காய்ந்த இரத்தம் கறுப்பாக இருந்தது. பின் சீற்றில் சாமான் பைகள். பச்சை மிளகாய் கண்ணாடிக் குச்சி மாதிரி உறைந்து கிடந்தது.

யாரோ கொண்டுபோயிருக்கிறார்கள், அல்லது இவராகவே இறங்கி நடந்து எங்கோ விழுந்து கிடக்கிறார். எதென்று தெரியாது. முன் சீற்றில் ஏறி இருந்து கதவைச் சாத்தினேன். காற்று நின்றது. கொஞ்ச நேரம் இருந்துவிட்டுப் போவோம் என்று நினைத்தேன். மெல்ல மெல்லக் குளிர் விட்டது. உடம்பில் ஒரு இதமான சூடு ஏறியது. மாசி வெயிலில் கிணற்றடியில் குளித்துவிட்டு நிற்கிற மாதிரி. கோட்டின் மேல் பொத்தானைக் கழற்றக் கையைக் கொண்டுபோனேன்.

அப்போது இவர் எப்போதோ சாப்பாட்டு மேசையில் சொன்னது நினைவுக்கு வந்தது. குளிரில் சாகிற ஆட்கள் கடைசியில் சுடுகுது என்று உடுப்பைக் கழற்றுவார்களாம். கிடைத்தவர்கள் பலர் அப்படித்தான் கிடந்தார்களாம். இவர் அதைச் சோற்றைப் பிசைந்துகொண்டு, ஏதோ புதினம் மாதிரிச் சொன்னவர்.

அந்தச் சூடுதான் என் வாழ்க்கையில் நான் கண்ட பெரிய பயம். செல்லுக்கும் ஏரிக்கும் அந்த மிருகத்துக்கும் அப்படிப் பயந்ததில்லை. கதவைக் காலால் உதைத்துத் திறந்து வெளியே விழுந்தேன். கையாலும் முழங்காலாலும் ஏறி வீதிக்கு வந்தேன்.

வீதியில் பனி வழிக்கப்பட்டிருந்தது. அப்படியென்றால் வாகனம் வரும். நின்றேன். நிற்க முடியாமல் உட்கார்ந்தேன். உட்கார்ந்தால் தெரியமாட்டேன் என்று எழும்பி நின்றேன். வெளிச்சம் மங்கி நீலமாகிக்கொண்டு வந்தபோது தூரத்தில் ஒரு மஞ்சள் விளக்கு சுழன்றது. பனி வழிக்கிற பாரவண்டி. முன்னால் தகட்டைப் பிடித்துக்கொண்டு இரண்டு பக்கமும் பனியை எறிந்துகொண்டு வந்தது. ஓரத்தில் நின்றால் என்னையும் சேர்த்து எறிந்துவிடும். நடுவீதிக்குப் போய்க் கையை விரித்துக்கொண்டு நின்றேன். கண்ணை மூடிக்கொண்டேன். பிரேக் சத்தம் கேட்டது. கண்ணைத் திறந்தபோது அந்தத் தகடு என் நெஞ்சுக்கு நேரே நின்றது.

இறங்கி வந்தது ஒரு பெண். என்னைவிடப் பத்து வயது கூட இருக்கும். என்னைத் தூக்கி ஆசனத்தில் ஏற்றி, எங்கே இருந்து வருகிறாய் என்று கேட்டா. நான் காட்டுப் பக்கம் கையைக் காட்டி, ஏரி விடுதி என்றேன்.

அவ என் முகத்தை உற்றுப் பார்த்தா. பிறகு, பிள்ளைக்குச் சொல்வதுபோல மெதுவாக, "அங்கே ஒருவரும் இல்லையே" என்று சொன்னா.

"நான் இருந்தேன்" என்றேன். அத்தனை நாளும் எனக்குள் அடக்கி வைத்திருந்த அழுகையெல்லாம் அந்த ஒரு சொல்லோடு வெளியே வந்தது.

பட்டணத்து ஆஸ்பத்திரி சின்னது. காலைச் சூட்டுத் தண்ணீரில் வைத்தபோது வந்த நோவில் ஊரில் உள்ள தெய்வங்கள் எல்லாரையும் கூப்பிட்டேன். தாதி நான் கதைக்கிறதைக் கேட்டுக்கொண்டே நின்றா. திடீரென்று, இது என்ன பாசை என்று கேட்டா. தமிழ் என்றேன். அவ வெளியே போய் இன்னொரு தாதியைக் கூட்டிக்கொண்டு வந்தா. மற்ற அறையில் ஒரு ஆள் இருக்கிறார், தலையில் அடிபட்டு இவ்வளவு நாளும் நினைவில்லாமல் இருந்தவர், நேற்றுத்தான் கண் திறந்தார், ஒரே வசனத்தைத் திரும்பத் திரும்பச் சொல்கிறார், மூளைக் குழப்பம் என்று நினைக்கிறோம், என்ன சொல்கிறார் என்று கேட்டுச் சொல்ல முடியுமா என்று கேட்டார்கள்.

சக்கரக் கதிரையில் வைத்துத் தள்ளிக்கொண்டு போனார்கள். தலை முழுக்கக் கட்டு. முகம் வீங்கி, யாரோ ஒருவர் மாதிரி இருந்தது. குரல் இவருடையது.

"அவ அங்கை தனிய. ஒருத்தருக்கும் தெரியாது. அவ அங்கை தனிய."

கண் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தது. என்ன சொல்கிறார் என்று தாதி கேட்டா. நான் ஆங்கிலத்தில் சொன்னேன்: அவள் அங்கே தனிய இருக்கிறாள், ஒருவருக்கும் தெரியாது என்கிறார். யார் அவள் என்று அவ கேட்டா. நான் கதிரையைத் தள்ளிக் கட்டிலடிக்குப் போய், கட்டுப் போட்ட என் கையை அவர் கையில் வைத்தேன். "இஞ்சை பாருங்கோ. நான் வந்திட்டன்" என்றேன். அவர் திரும்பிப் பார்க்க வெகுநேரம் எடுத்தது. பார்த்த பிறகும், அதே வசனத்தை இன்னும் ஒருமுறை சொன்னார்.

அம்மாவோடு அடுத்தநாள் கதைத்தேன். அங்கே நடந்தது பிறகுதான் எனக்குத் தெரியும். நான் இரண்டு நாள் கதைக்காததும் அம்மாவுக்குப் பொறுக்கவில்லை. அனுப்பிய செய்திக்கெல்லாம், போய்ச் சேராததற்கு விழுகிற ஒற்றைச் சரி அடையாளம்தான் விழுந்தது. கொக்குவிலில் இருந்து ரொறன்ரோவுக்கு எடுத்து இவருடைய அண்ணையை உலுப்பி, அவர் அந்த ஊர்ப் பொலிசுக்கு எடுத்து, பொலிஸ் விடுதிக்காரரைக் கேட்டிருக்கிறது. அவர், அங்கே ஒரு ஆண் மட்டும்தான், அவர் ஆஸ்பத்திரியில் இருக்கிறார், வேறு ஒருவரும் இல்லை என்று சொல்லியிருக்கிறார். அவருக்குத் தெரிந்தது அதுதான். அம்மா விடவில்லை. பனிக்குள் நான் நின்று எடுத்து அனுப்பிய படங்களையெல்லாம் அண்ணையிடம் அனுப்பி, பொலிசுக்குக் காட்டச் சொல்லியிருக்கிறா. நான் வீதிக்கு வந்த அன்றைக்குத்தான் அவர்கள் வழியை வெட்ட ஆள் ஒழுங்கு செய்துகொண்டிருந்தார்கள்.

"நீ இல்லையாம் எண்டு எனக்குச் சொல்லிப்போட்டாங்கள் பிள்ளை" என்றா அம்மா. "நான் பெத்தனான், எனக்குத் தெரியாதோ எண்டு கேட்டன்." அப்பா தொலைபேசியை வாங்கினார். கால் எப்படி என்று கேட்டார்.

விரல் நுனிகள் கறுத்து, பிறகு எடுத்தார்கள். இவருடைய நினைவு கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்பி வந்தது. விடுதிக்காரர் விமானம் ஏறி வந்து ஆஸ்பத்திரியில் எங்களைப் பார்த்தார். விடுதிக்கும் போய்விட்டு வந்திருந்தார். கதவில் நான் எழுதியதை வாசித்திருந்தார். வயதான மனிதர். தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். ஏன் என்னிடம் சொல்லவில்லை, கேட்டிருந்தால் நான் ஓம் என்றுதானே சொல்லியிருப்பேன் என்று இவரைக் கேட்டார். இவர் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டார்.

அவர் போன பிறகு நானும் அதையே கேட்டேன்.

"கேட்டு, இல்லை எண்டிட்டால் உம்மை அண்ணை வீட்டிலை விடவேணும்" என்றார். "எனக்கு நீர் பக்கத்திலை இருக்கவேணும் போலை இருந்தது."

கோபப்படத்தான் நினைத்தேன். அந்தப் பதிலுக்கு எப்படிக் கோபப்படுவது என்று தெரியவில்லை. அதனால் கோபம் போகவும் இல்லை. கொஞ்ச நாளில் நான் தனியாகக் கொக்குவிலுக்கு வந்துவிட்டேன். குளிருக்குப் பயந்து புருசனை விட்டுவிட்டு ஓடி வந்தவள் என்று ஒழுங்கையில் கதைத்தார்கள். கதைத்ததில் பாதி உண்மைதான்.

இவர் அடுத்த வருடம் வந்தார். தடியூன்றி, ஸ்ரேசனிலிருந்து நடந்தே வந்தார். நான் படலையடியில் நின்றேன். இருக்கச் சொல்லவும் இல்லை, போகச் சொல்லவும் இல்லை. அம்மாதான் தேத்தண்ணி போடப் போனா. அன்றைக்கு அவர் கேட்டது ஒன்றுதான்: தான் இங்கேயே இருக்கலாமா. நான் ஒரு பகல் முழுக்க யோசித்தேன். பின்னேரம் ஓம் என்றேன். ஒன்று மட்டும் சொன்னேன்: நான் எங்கே இருக்கிறேன் என்று மறைக்கிற வேலை இனி ஒருநாளும் வேண்டாம். அவர் தலையாட்டினார்.

இப்போது நான் மறுபடி மானிப்பாயில் படிப்பிக்கிறேன். இவர் ஒரு கடையில் கணக்கு வழக்குப் பார்க்கிறார். பயம் போய்விட்டதா என்று கேட்டால், போகவில்லை. கொழும்புக்குப் போகிற ஏசி பஸ்ஸில் என்னால் ஏற முடியாது. உடம்பில் திடீரென்று இதமாக இருந்தால் நெஞ்சு அடிக்கத் தொடங்கும். வீட்டை விட்டுக் கிளம்பும்போது அம்மாவுக்குச் சொல்லுவேன், இவருக்குச் சொல்லுவேன், போகிற வழியில் பக்கத்து வீட்டு அக்காவுக்கும் மதிலுக்கு மேலால் சொல்லுவேன். போன கிழமை கொடிகாமம் சந்தைக்குப் போகும்போது அவ சிரித்தா.

"தேங்காய் வாங்கப் போறதுக்கு ஊருக்கெல்லாம் சொல்லிப்போட்டே போறாய்?"

"ஓம் அக்கா" என்றேன். "பின்னேரம் நாலு மணிக்குள்ளை வருவன். வராட்டில் தேடுங்கோ."